ஆஜர்

கோர்ட்டு வராந்தாவில் நின்றுகொண்டு டவாலிச் சேவகன் கக்ஷிக்காரனின் பெயரை மூன்று தடவை கூப்பிடுகிறான். முதல் தடவை சாதாரணக் குரலில். இரண்டாம் தடவை சற்றே நீட்டி. மூன்றாம் தடவை, எதிர்ச் சாரி காப்பிக் கடையில் உட்கார்ந்திருப்பவனுக்கும் கேட்கும்படியாக. அதற்கும் பதில் இல்லையென்றால் உள்ளே போய் 'இல்லை' என்று சொல்லிவிடுகிறான். அந்த ஒற்றைச் சொல்லில் ஒரு குடும்பத்தின் நிலம் கைமாறிப் போனதுண்டு. வாதி வரவில்லையென்றால் தாவா தள்ளுபடி. பிரதிவாதி வரவில்லையென்றால் எக்ஸ்பார்ட்டி தீர்ப்பு. பிறகு முப்பது நாளைக்குள் மனுப் போட்டு, வராததற்குக் காரணம் சொல்லி, 'ஐயா, மறுபடியும் கேளுங்கள்' என்று மன்றாட வேண்டும்.

'ஆஜர்' என்பது அரபு தேசத்திலிருந்து புறப்பட்டு, பார்ஸி மொழி வழியாக நம் கச்சேரிகளுக்கு வந்து குடியேறிய சொல். 'இருக்கிறேன்' என்பதற்கு மேல் அதற்கு அர்த்தம் கிடையாது. ஆனால் 'இருப்பது' என்றால் என்ன? ஆள் உடம்போடு வந்து நிற்க வேண்டுமா? அவனுக்குப் பதிலாக இன்னொருவன் நின்றால் போதுமா? அவன் சொன்னதை எழுதிய காகிதம் வந்தால் போதுமா? இல்லை, முகமும் குரலும் மட்டும் வந்தால் போதுமா? வேதாந்த விசாரம்போலத் தோன்றும் இந்தக் கேள்வி, நம் நாட்டில் நூற்றைம்பது வருஷங்களுக்கும் மேலாகக் கக்ஷிக்காரர்களின் வயிற்றைக் கலக்கிவந்த கேள்வி. இதைச் சென்னையிலிருந்து பார்ப்பதைவிடப் போடிநாயக்கனூரிலிருந்து பார்த்தால் நன்றாக விளங்கும்.

போடியின் மேற்கே மலை சுவர்போல எழுந்து நிற்கிறது. பதினேழு கொண்டை ஊசி வளைவுகளைக் கடந்து ஏறினால் போடிமெட்டு. அதைத் தாண்டிய மறு அடி கேரளம். ஊர் கீழே இருக்கிறது. ஊரின் ஜீவனமோ மேலே இருக்கிறது. ஏலக்காய்த் தோட்டங்கள் உடும்பன்சோலைப் பக்கம். அவற்றுக்குச் சொந்தக்காரர்களில் எத்தனையோ பேருக்கு வீடு போடியில். விடிவதற்கு முன் ஜீப்புகளில் நெருக்கி உட்கார்ந்துகொண்டு மலையேறிப் போகிற பெண்கள் அந்தி சாய்ந்தபின் திரும்பி வருகிறார்கள். உறங்குவது ஒரு ராஜ்யம், உழைப்பது ஒரு ராஜ்யம் என்பது அங்கே சர்வ சாதாரணம்.

இதில் சட்டம் எங்கே வந்து நுழைகிறது என்று கேட்பீர்கள். 1908-ஆம் வருஷத்து சிவில் நடைமுறைச் சட்டத்தில் பதினாறாவது பிரிவு என்று ஒன்று இருக்கிறது. நிலத்தைப் பற்றிய வழக்கு, நிலம் எங்கே இருக்கிறதோ அங்கேதான் நடக்க வேண்டும் என்பது அதன் சாரம். நிலத்தைக் கோர்ட்டுக்குத் தூக்கிக்கொண்டு வர முடியாது. ஆகையால் மனிதன் நிலத்தைத் தேடிப் போக வேண்டும். விதி நியாயமானதுதான். ஆனால் தகப்பனார் விட்டுப்போன தோட்டத்தில் பங்கு கேட்கும் போடிக்காரர், மேலே ஏறி, மறுபுறம் இறங்கி, இடுக்கி ஜில்லாவின் கோர்ட்டுகளைத் தேடிப் போக வேண்டியிருக்கிறது. ஜில்லாக் கோர்ட்டோ தொடுபுழைக்குப் பக்கத்தில், மலையின் அந்தக் கோடியில். ஒரு வாய்தாவுக்கு இரண்டு நாள். போய்ச் சேர்ந்தபின் 'இன்று ஜட்ஜ் லீவு' என்றால் அந்த இரண்டு நாளும் மலையோடு போச்சு.

சரக்குக்கு இந்த மலை ஒரு தடையாகவே இருந்ததில்லை என்பதுதான் வேடிக்கை. மூணாற்றுத் தேயிலைக்காக 1902-இல் குண்டளைப் பள்ளத்தாக்கில் ஒற்றைத் தண்டவாள வண்டி ஓடிற்று. 1908-இல் அதையே சிறு ரயிலாக மாற்றினார்கள். டாப் ஸ்டேஷன் வரை வந்த தேயிலைப் பெட்டிகள் அங்கிருந்து கம்பி வடத்தில் தொங்கியபடி, ஆகாய மார்க்கமாகக் கொட்டகுடிக்கு இறங்கின. பிறகு போடி, தூத்துக்குடி, அப்புறம் கப்பல். 1924-ஆம் வருஷத்துப் பெருவெள்ளம் அந்த ரயிலைத் துடைத்துக்கொண்டு போய்விட்டது. தேயிலைப் பெட்டிக்கு ஆகாய மார்க்கம் கண்டுபிடித்த மனிதர்கள், தாவாவில் சிக்கிய மனிதனுக்கு மட்டும் ஒரு மார்க்கமும் கண்டுபிடிக்கவில்லை. அவன் ஏறித்தான் இறங்க வேண்டும்.

அந்தக் காலத்தில் மலைக்கு அப்பால் இருந்தது வேறு ஜில்லாகூட இல்லை; வேறு சமஸ்தானம். 1897-ஆம் வருஷம் ஆகஸ்டு 24-ஆம் தேதி ஏலமலை ரிசர்வை அறிவித்தது திருவிதாங்கூர் ஸர்க்கார். போடிக்காரர் கும்பினி வழி வந்த மதுரை ஜில்லாவின் பிரஜை. அவருடைய ஏலச்செடியோ திருவிதாங்கூர் மகாராஜாவின் பிரஜை! பிரிட்டிஷ் இந்தியாவின் சட்டத்துக்குச் சமஸ்தானக் கோர்ட்டு அந்நியக் கோர்ட்டு.

அந்நியக் கோர்ட்டு கூப்பிட்டுப் போகாவிட்டால் என்ன ஆகும்? இதற்கு விடை வடக்கே பஞ்சாபிலிருந்து வந்தது. பரீத்கோட் ராஜாவிடம் பொக்கிஷதாராக இருந்த சர்தார் குர்தியால் சிங் வேலையை விட்டுவிட்டு ஜீந்த் சமஸ்தானத்தில் போய் வசித்தார். ராஜா தம்முடைய சொந்தக் கோர்ட்டிலேயே அவர்மேல் பணத்துக்கு வழக்குப் போட்டார். பொக்கிஷதார் அந்தப் பக்கம் தலைகாட்டவில்லை. எக்ஸ்பார்ட்டி தீர்ப்பாயிற்று. அந்தத் தீர்ப்பை எடுத்துக்கொண்டு ராஜா லாகூருக்கு வர, விவகாரம் வளர்ந்து லண்டன் பிரிவி கௌன்ஸில் வரை போயிற்று. 1894-இல் பிரபுக்கள் சொன்ன முடிவு இது: தன் எல்லைக்குள் வசிக்காதவனும், தன் அதிகாரத்துக்கு உட்படாதவனுமான ஒருவன்மேல், அவன் இல்லாத நேரத்தில் அந்நியக் கோர்ட்டு கொடுத்த பணத் தீர்ப்பு, வெளியே வெறும் காகிதம்.

இந்த நியாயத்தில் மலையடிவாரத்துக் கடன்காரர்களுக்கு ஒரு நிழல் கிடைத்தது. ஆனால் நிலத்துக்கு அந்த நிழல் கிடையாது. தோட்டம் மலைமேல் இருக்கும்வரை, மலைமேல் கோர்ட்டு சொன்னதுதான் தோட்டத்தின் தலையெழுத்து. இதிலேயே ஒரு பாடம் இருக்கிறது. கோர்ட்டுக்குப் போகாமல் தப்பிப்பது வேறு. போக முடியாமல் தோற்பது வேறு. முன்னதற்கு வழி இருந்தது. பின்னதற்குத்தான் வழி தேட வேண்டியிருந்தது.

1949-இல் திருவிதாங்கூரும் கொச்சியும் சேர்ந்தன. 1951 ஏப்ரல் முதல் தேதியிலிருந்து நம் சிவில் நடைமுறைச் சட்டமே மலைக்கு அப்பாலும் அமலுக்கு வந்தது. 1956 நவம்பர் முதல் தேதி ராஜ்ய எல்லைகளைத் திருத்தியபோது, பெரிய கிளர்ச்சிகளுக்குப் பிறகும், தேவிகுளமும் பீர்மேடும் கேரளத்தோடேயே நின்றன. கோர்ட்டு அந்நியக் கோர்ட்டு என்ற பெயர் போயிற்று. மலை மட்டும் அப்படியே இருந்தது. அதோடு மொழியும் வேறாக இருந்தது.

தூரத்திலிருப்பவனுக்கு எந்த வழியுமே இல்லையென்று சொன்னால் அது சட்டத்துக்கு இழைக்கிற அநீதி. மூன்று வழிகள் பழங்காலத்திலிருந்தே உண்டு. முதலாவது வக்கீல். வக்காலத்தில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டால் வக்கீல் ஆஜராவது கக்ஷிக்காரன் ஆஜராவது போலத்தான். இரண்டாவது முக்தியார், அதாவது பவர் பத்திரம் வாங்கிக்கொண்டவர். மூன்றாவது கமிஷன். சாட்சியை வரவழைக்க முடியாதபோது, கோர்ட்டு ஒரு கமிஷனரை நியமித்துச் சாட்சியின் இருப்பிடத்துக்கே அனுப்பும். வேறு ராஜ்யத்தில் இருப்பவரானால், அந்த ராஜ்யத்துக் கோர்ட்டுக்குக் கமிஷன் அனுப்பி, வாக்குமூலத்தைப் பதிவு செய்து தரும்படி கேட்கலாம். படுத்த படுக்கையாகக் கிடக்கும் கிழவரின் கட்டிலைச் சுற்றி இரண்டு கட்சி வக்கீல்களும் நாற்காலி போட்டு உட்கார்ந்து குறுக்கு விசாரணை செய்ததெல்லாம் இந்த வழியில்தான். வெளியே வந்து பழகாத ஸ்திரீகளுக்கு நேரில் வருவதிலிருந்தே சட்டம் விலக்கு அளித்திருக்கிறது.

நம் சீமையின் மிகப் பெரிய வழக்குகளில் ஒன்றை நடத்தியவர்கள் அப்படிப்பட்ட ஸ்திரீகள்தாம் என்பதை நினைத்துப் பாருங்கள். 1829-இல் சிவகங்கை ஜமீன்தார் கௌரி வல்லப தேவர் காலமானார். ஜமீன் யாருக்கு என்ற சண்டையை விதவை நடத்தினார். அவருக்குப் பின் மகள் காத்தம நாச்சியார் நடத்தினார். 1863-இல் லண்டன் பிரிவி கௌன்ஸிலில் காத்தம நாச்சியார் பக்கம் தீர்ப்பாயிற்று. தகப்பனாரின் சுயார்ஜித சொத்து என்பதால் மகளுக்கு உரிமை உண்டு என்று முடிவு. வழக்கு கடல் கடந்தது. நாச்சியார் கடல் கடக்கவில்லை. அவர் முகத்தைப் பார்க்காமலே ஒரு ராஜ்யத்தைத் தூக்கி அவர் கையில் கொடுத்தார்கள் லண்டன் பிரபுக்கள். நேரில் வராமல் நியாயம் பெறுவது இந்தத் தேசத்துக்குப் புதிதல்ல. ஆனால் அதற்கு முப்பத்து நாலு வருஷமும், ஒரு ஜமீனின் ஆஸ்தியும் தேவைப்பட்டன.

சாதாரணச் சாட்சிக்குச் சட்டம் மைல் கணக்கு வைத்தது. கோர்ட்டின் எல்லைக்கு வெளியே ஐம்பது மைலுக்கு அப்பால் இருப்பவனை நேரில் வா என்று கட்டாயப்படுத்தக் கூடாது. ஆனால் வழியில் ஆறில் ஐந்து பங்கு தூரத்துக்கு ரயிலோ, நீராவிக் கப்பலோ, வேறு நிலையான பொதுவண்டியோ இருக்குமானால், இருநூறு மைல் வரை வரவழைக்கலாம். பிற்காலத்தில் இவை நூறு கிலோமீட்டர், ஐந்நூறு கிலோமீட்டர் என்று மாறின. மதுரையிலிருந்து போடிக்கு 1928-இல் ரயில் வந்தது. இரண்டாவது உலக யுத்தத்தில் தண்டவாளத்தைப் பெயர்த்துக்கொண்டு போனார்கள். யுத்தத்துக்குப் பிறகு மறுபடி போட்டார்கள். அகலப் பாதையாக்குவதற்காக 2010 முடிவில் நிறுத்தியது 2023 ஜூனில்தான் மறுபடியும் போடி வந்து சேர்ந்தது. தண்டவாளம் வந்தால் சட்டத்தின் கை நீளுகிறது, பெயர்த்தால் குறுகுகிறது! மனிதனின் கடமையை வண்டியின் வேகத்தை வைத்து அளந்த அந்தப் பழைய சட்டக்காரர்கள் லேசுப்பட்டவர்கள் அல்ல. போக்குவரத்து மாறினால் 'ஆஜர்' என்பதன் அர்த்தமும் மாறும் என்பதை அவர்கள் அப்போதே ஒப்புக்கொண்டுவிட்டார்கள்.

வக்கீலும் முக்தியாரும் இருக்கும்போது இன்னும் என்ன கஷ்டம் என்று தோன்றலாம். கஷ்டம் சாட்சிக் கூண்டில் இருக்கிறது. வக்கீல் நமக்காக வாதாடலாம்; நமக்காகச் சாட்சி சொல்ல முடியாது. முக்தியாரும் அப்படியே. கக்ஷிக்காரருக்கு மட்டுமே நேரில் தெரிந்த விஷயத்தை அவருடைய பவர் ஏஜெண்டு கூண்டிலேறிச் சொல்ல முடியாது என்று 2004 டிசம்பரில் ஸுப்ரீம் கோர்ட்டு தெளிவாகச் சொல்லிவிட்டது. 'எல்லைக்கல்லை நான் பார்த்தேன்' என்று பார்த்தவர்தான் சொல்ல வேண்டும். 2002-லிருந்து முதல் விசாரணையைப் பிரமாணப் பத்திரமாக எழுதிக் கொடுத்துவிடலாம் என்றாலும், குறுக்கு விசாரணைக்கு ஆள் வேண்டும். சாட்சி சொல்லும்போது அவன் நடந்துகொள்ளும் விதத்தைப் பற்றி ஜட்ஜ் குறிப்பு எழுதி வைக்கலாம் என்று சட்டத்திலேயே இடமிருக்கிறது. நாக்கு ஒன்று சொல்ல, விரல் நடுங்கி இன்னொன்று சொன்னால், அதையும் கவனிக்க வேண்டும் அல்லவா?

இந்த இடத்தில்தான் திரை வந்து சேர்ந்தது.

2003 ஏப்ரல் முதல் தேதி ஸுப்ரீம் கோர்ட்டு ஒரு தீர்ப்பு சொன்னது. பம்பாய் வழக்கு, கிரிமினல் வழக்கு, சாட்சியோ நியூயார்க்கில் இருந்த டாக்டர். அவர் இந்தியாவுக்கு வர இஷ்டப்படவில்லை. ஆனால் அங்கிருந்தபடியே சாட்சி சொல்லத் தயாராக இருந்தார். வீடியோ கான்பரன்ஸ் மூலம் அவரை விசாரித்தால் அது 'முன்னிலையில்' விசாரித்ததாகுமா என்பது கேள்வி. ஆகும் என்றது கோர்ட்டு. பார்க்க முடிகிறது, கேட்க முடிகிறது, குறுக்குக் கேள்வி போட முடிகிறது. உடம்பு ஒரே அறையில் இருந்தாக வேண்டும் என்று சட்டம் சொல்லவில்லை. அதே வருஷம் கர்நாடக ஹைகோர்ட்டு, ஒரு சிவில் வழக்கில், அமெரிக்காவில் இருந்த சாட்சிகளை இப்படி விசாரிக்கச் சம்மதித்து, எப்படி எப்படிச் செய்ய வேண்டும் என்ற நிபந்தனைகளையும் விதித்தது.

ஆனால் எல்லோருக்கும் இது உவப்பாக இல்லை. தம்பதிகளின் வழக்கை ஓர் ஊரிலிருந்து இன்னோர் ஊருக்கு மாற்றக் கேட்டுப் பெண்கள் ஸுப்ரீம் கோர்ட்டுக்கு வருவதுண்டு. மாற்றுவதற்குப் பதிலாகத் திரையிலேயே நடத்தலாமே என்று 2017 மார்ச்சில் இரண்டு நீதிபதிகள் சொன்னார்கள். அதே அக்டோபரில் மூன்று நீதிபதிகள் அதைத் திருத்தினார்கள். இருவர் ஒரு பக்கம், ஒருவர் மறு பக்கம். சமரசத்துக்கு முயலும் கட்டத்தில் திரை உதவாது. அந்த முயற்சி முடிந்தபின், இரு தரப்பாரும் சேர்ந்து கேட்டால் அனுமதிக்கலாம் என்பது பெரும்பான்மையோர் முடிவு. பிரயாணம் செய்ய முடியாத பெண்ணுக்குத் திரையே நியாயத்தின் வாசலாகலாம் என்ற ரீதியில் மாற்றுத் தீர்ப்பு எழுதியவர் சந்திரசூட். இரு பக்கமும் பேசியது கருணைதான். ஒரு கருணை 'முகத்துக்கு முகம் பார்த்தால் மனம் இளகும்' என்றது. மற்றொரு கருணை 'பஸ்ஸுக்குக் காசில்லாதவளை நினைத்துப் பார்' என்றது.

வாதம் இப்படி நடந்துகொண்டிருக்கையில் 2020 மார்ச் மாதத்தில் கொள்ளை நோய் வந்து கோர்ட்டுக் கதவுகளைச் சாத்திற்று. ஏப்ரல் 6-ஆம் தேதி ஸுப்ரீம் கோர்ட்டு, நாடு முழுவதும் திரை வழியே விசாரணை நடத்த வழிவகை செய்யும்படி உத்தரவிட்டது. அதிலும் ஒரு ஜாக்கிரதை: விதிகள் ஏற்படும்வரை, இரு தரப்பாரும் சம்மதித்தாலன்றிச் சாட்சியத்தைத் திரையில் பதிவு செய்யக் கூடாது. வாதம் கேட்கத் திரை போதும். உண்மையை உரைத்துப் பார்க்க இன்னும் கொஞ்சம் யோசிக்க வேண்டும் என்று அர்த்தம். பிறகு ஹைகோர்ட்டுகள் ஒவ்வொன்றாக விதிகள் இயற்றின. சென்னை 2020-இலும் கேரளம் 2021-இலும். 2023 அக்டோபரில், திரை விசாரணை வசதியை எந்த ஹைகோர்ட்டும் மறுக்கக் கூடாது என்று ஸுப்ரீம் கோர்ட்டு கண்டித்துச் சொல்லிற்று. மலைக்கு அந்தப் பக்கத்துக் கேரளத்தில், செக் திரும்பி வந்த வழக்குகளுக்கென்று கொல்லத்தில் 2024-இல் ஒரு கோர்ட்டையே கம்ப்யூட்டருக்குள் திறந்துவிட்டார்கள்.

இந்த விதிகளின்படி ஒருவர் தூரத்திலிருந்து ஆஜராவது எப்படி? நினைத்த மாத்திரத்தில் போனை எடுத்துப் பேசிவிட முடியாது. முதலில் மனுப் போட வேண்டும். எதிர்த் தரப்புக்கும் தெரிவிக்க வேண்டும். ஏன் வர இயலவில்லை என்று சொல்ல வேண்டும். ஜட்ஜ் அனுமதித்தால் நாளும் நேரமும் குறிப்பார். சாட்சி சொல்லப் போகிறவராக இருந்தால், அவர் இருக்கும் இடத்தில் பொறுப்பான ஓர் அதிகாரி உடனிருப்பார். வந்திருப்பவர் அவர்தானா என்று அடையாளச் சீட்டைப் பார்த்துச் சரிபார்ப்பதும், அறையில் வேறு யாரும் ஒளிந்திருந்து சொல்லிக் கொடுக்காமல் கவனிப்பதும், யாரும் திருட்டுத்தனமாகப் படம் பிடிக்காமல் பார்த்துக்கொள்வதும் அவர் பொறுப்பு. காட்ட வேண்டிய தஸ்தாவேஜுகள் முன்கூட்டியே போய்ச் சேர்ந்திருக்க வேண்டும். பிரமாணம் வழக்கம்போலவே. நடுவில் தொடர்பு அறுந்தால் விசாரணை நிற்கும். மறு நேரம் குறிப்பார்கள். பழைய கமிஷனரின் நாற்காலியும் கட்டிலும்தான் இவை. கமிஷனருக்குப் பதிலாக ஜட்ஜே கட்டிலருகே வந்து உட்காருகிறார், அவ்வளவே வித்தியாசம்.

போடிக்காரர்களுக்கு இந்த வித்தை வேறு விதத்தில் முன்பே பழக்கமானது. ஏலக்காய் ஏலம் ஒரு காலத்தில் குரல் கச்சேரி. கேட்கிறவரும் விடுகிறவரும் ஒரே கூடத்தில் இருந்தாக வேண்டும். 2007 முதல் ஏலம் கம்ப்யூட்டருக்கு மாறிற்று. 2021 ஜனவரியில், போடியிலும் மலைமேல் புற்றடியிலும் உள்ள ஏல மையங்களை ஒன்றாக இணைத்து, ஓர் ஏலத்தில் இரண்டு இடத்து வியாபாரிகளும் ஏககாலத்தில் விலை கேட்க வழி செய்தார்கள். ராஜ்ய எல்லையைத் தாண்டி விலை போகிறது, வருகிறது, ஒருவரும் கொண்டை ஊசி வளைவில் தலைசுற்றி வாந்தியெடுப்பதில்லை. விலைக்குச் சாத்தியமானது நியாயத்துக்கும் சாத்தியமாகாதா என்று ஒரு தோட்டக்காரர் கேட்டால் அதைக் குற்றம் சொல்ல முடியாது.

ஆனால் அந்த வியாபாரியைக் கொஞ்சம் கவனியுங்கள். விலையைத் திரையில் கேட்கிறாரே தவிர, மாதிரிக் காயைக் கையில் எடுத்துப் பார்க்காமல் கேட்கிறாரா? நிறத்தைப் பார்க்கிறார், பருமனைப் பார்க்கிறார், பிளந்து முகர்கிறார். அதற்குத் திரை இல்லை. குறுக்கு விசாரணை என்பதும் காயைப் பிளந்து முகர்வதுதான். முகம் தெரிகிற சதுரத்துக்கு வெளியே என்ன நடக்கிறது என்று ஜட்ஜுக்குத் தெரியாது. மேஜைக்கு அடியில் ஒரு கால் இன்னொரு காலை மிதித்தால் திரையில் தெரியாது. மலைச் சரிவில் சிக்னல் ஒரு மரத்தடியில் கிடைக்கும், பத்தடி தள்ளினால் போய்விடும். 'ஆமாம்' என்றாரா 'ஆகாது' என்றாரா என்று சந்தேகம் வந்தால், அந்தச் சந்தேகத்தின்மேல் எப்படித் தீர்ப்பு எழுதுவது?

இந்த ஆட்சேபங்களை அலட்சியம் செய்யக் கூடாது. இருந்தாலும், எதனோடு ஒப்பிட்டு ஆட்சேபிக்கிறோம் என்பதையும் பார்க்க வேண்டும். தோட்டத்தில் நடந்த தகராறைக் கண்ணால் கண்டவள் ஒரு காய் பறிக்கும் பெண் என்று வைத்துக்கொள்வோம். அவளுக்கு சம்மன் வருகிறது. மலையேறி, கோர்ட்டு வராந்தாவில் நாள் முழுவதும் காத்திருந்து, வாய்தா என்று கேட்டுத் திரும்பினால், கோர்ட்டு தருகிற படிப்பணம் போனாலும் வந்தாலும் அன்றைய கூலியும் மறுநாள் வேலையும் நிச்சயமில்லை. மூன்றாவது வாய்தாவுக்கு அவள் வருவாளா? வரமாட்டாள். அவள் வராததால் போகிற உண்மை, திரையில் மங்கித் தெரிகிற உண்மையைவிடப் பெரிய நஷ்டம். கண்ணெதிரே நின்று சொல்லும் சாட்சிதான் உயர்ந்தது என்று சொல்லும்போது, நிற்க முடிந்தவர்களின் சாட்சி மட்டுமே நமக்குக் கிடைத்துவந்தது என்பதை மறந்துவிடுகிறோம்.

அதே பெண்ணிடம் போனும் மலையாளத்தில் எழுதிய ஒரு நோட்டீஸும் மட்டும் கொடுத்து, 'இனி உன் பாடு' என்று விட்டுவிட்டாலும் நியாயம் ஆகாது. பழைய கமிஷனர் கட்டிலருகே வந்தபோது, பேச்சு புரியாவிட்டால் மொழிபெயர்ப்பவரையும் கூட்டி வந்தார். புதிய ஏற்பாட்டில் அந்தத் துணை கட்டாயம் வேண்டும்: அவள் ஊரிலேயே ஓர் அறை, ஒரு நல்ல இணைப்பு, அவள் பாஷை தெரிந்த ஒரு மனிதர், 'பயப்படாதே அம்மா, கேட்டதற்குப் பதில் சொல்' என்று சொல்ல ஓர் அதிகாரி. 2023 செப்டம்பரில் மத்திய மந்திரிசபை கோர்ட்டுகளைக் கம்ப்யூட்டர்மயமாக்கும் திட்டத்தின் மூன்றாம் கட்டத்துக்கு 7,210 கோடி ரூபாய் ஒதுக்கிற்று. அந்தக் கோடிகளில் சில ஆயிரம் ரூபாய் இப்படி ஓர் அறைக்கும் அதில் ஒரு நாற்காலிக்கும் போய்ச் சேருமானால் அதைவிடச் சிறந்த செலவு வேறு இல்லை.

ஜமீன்தாரின் மகளுக்காகக் கோர்ட்டு ஒரு காலத்தில் தன் விதிகளைத் தளர்த்திக்கொண்டது. ராஜாக்களுக்கும் ராணிகளுக்கும் நேரில் வர விலக்கு அளித்தது. அது அந்தஸ்துக்குக் காட்டிய மரியாதை. இப்போது வந்திருப்பது, தூரத்துக்கும் ஏழ்மைக்கும் முதுமைக்கும் அதே மரியாதையைக் காட்டுவதற்கான சந்தர்ப்பம். மூன்று தடவை கூப்பிடுகிற குரல் மலையைத் தாண்டிக் கேட்கும்படி செய்துவிட்டோம். மலைக்கு இந்தப் பக்கத்திலிருந்து வருகிற பதிலும் அங்கே சரியாகக் கேட்கிறதா என்று பார்ப்பதுதான் இனிமேல் கோர்ட்டின் வேலை.